புதுப்பிப்பு: நிறுத்தி வைத்த இறுதி பில், எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

ஒரு பொதுத்துறை மின் நிறுவனத்துக்குத் துணைமின் நிலைய சிவில் வேலையை முடித்துக் கொடுத்தோம், இறுதி பில்லை நிறுத்தி வைத்துவிட்டார்கள், வேலை நடந்த மாவட்டத்திலேயே வழக்குப் போடலாமா என்று போன மாதம் கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

போட முடியாது. வக்கீலோடு உட்கார்ந்து ஒப்பந்தத்தை வரிவரியாகப் படித்தோம். பொது நிபந்தனைகளின் கடைசியில், பொடி எழுத்தில் இரண்டே வரி: தகராறு ஆர்பிட்ரேஷனுக்கு, அதாவது கோர்ட்டுக்குப் பதில் நடுவர் விசாரணைக்குப் போக வேண்டும்; அதன் சீட், அதாவது எந்த ஊர்க் கோர்ட்டுக்கு அந்த விசாரணையின் மீது அதிகாரம் என்பதை முடிவு செய்யும் இடம், நிறுவனத்தின் தலைமையகம் இருக்கும் நகரம். டெண்டர் போட்டபோது எல்லாப் பக்கத்திலும் கையெழுத்துப் போட்டவன் நான்தான். அந்தப் பக்கத்தின் அடியிலும் அது இருக்கிறது.

வேலை நடந்த இடம் கணக்கில் வராதா என்று கேட்டேன். சுபன்சிரி நீர்மின் திட்ட வழக்கை எடுத்துக் காட்டினார். அணை வடகிழக்கில், ஒப்பந்தத்தில் நடுவர் விசாரணைக்கு டெல்லி அல்லது ஃபரீதாபாத் என்று இருந்தது. விசாரணை டெல்லியில் நடந்ததால் டெல்லி நீதிமன்றங்களுக்கே அதிகாரம் என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இந்த ஊர்க் கோர்ட்டுக்கு 'மட்டும்' அதிகாரம் என்று ஒப்பந்தத்தில் அந்தச் சொல் இல்லையென்றால் தப்பிக்கலாம் என்று சிலர் எழுதியிருந்தீர்கள். அந்த வழியும் 2013-இலேயே உச்ச நீதிமன்றத்தின் ஸ்வஸ்திக் கேஸஸ் (Swastik Gases) தீர்ப்பில் அடைபட்டுவிட்டது.

சரி, இப்போது ஆர்பிட்ரேஷன் கேட்டு நோட்டீஸ் அனுப்பியாயிற்று. அனுப்பிய தேதி அல்ல, அது அவர்கள் கைக்குக் கிடைக்கும் தேதிதான் கணக்கு. பணம் கேட்பதற்கான மூன்று வருடக் கெடு நெருங்குகிறது, ஒப்புகைக்காகக் காத்திருக்கிறேன்.