ஜிங்க்ஸுக்கு எல்லா மேட்சிலும் ஒரே பில்ட்தான் வாங்குகிறேன், எங்கே தப்பு?

பாமணிக்கரை:

எல்லாருக்கும் வணக்கம். மன்னார்குடி பக்கம் கிராமம், காலேஜ் இரண்டாம் வருடம். லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் (அணிக்கு ஐந்து பேராக மோதுகிற கம்ப்யூட்டர் கேம்) ஆட ஆரம்பித்து எட்டு மாதம் ஆகிறது. பாட் லேனில் (மேப்பின் கீழ்ப் பாதையில்) துப்பாக்கிக்காரி ஜிங்க்ஸ் மட்டும்தான். சிங்கப்பூர் சர்வர், பிங் 70க்குள் நிற்கும், மழை நாள் தவிர. சில்வர் ரேங்கைத் தொட்டுவிட்டு மறுபடி அதற்குக் கீழே ப்ரான்ஸில் விழுந்து கிடக்கிறேன்.

கேள்வி ஐட்டம் பற்றி, அதாவது மேட்சுக்குள் கோல்டு சேர்த்துக் கடையில் வாங்குகிற சாமான் பற்றி. யூட்யூபில் ஒரு பெரிய பிளேயர் சொன்ன பில்டை (எதை எந்த வரிசையில் வாங்குவது என்பதை) தாளில் எழுதி மானிட்டருக்குக் கீழே ஒட்டி வைத்திருக்கிறேன். யுன் டால், பெர்சர்க்கர்ஸ் ஷூ, இன்ஃபினிட்டி எட்ஜ், ருனான்ஸ், லார்ட் டொமினிக்ஸ், பிளட்தர்ஸ்டர். எந்த மேட்சாக இருந்தாலும் இதே வரிசை. ஆனால் அந்த ஆறும் முடிந்த மேட்ச் இந்த எட்டு மாதத்தில் இரண்டோ மூன்றோதான் இருக்கும்.

நேற்று ராத்திரி நடந்ததைச் சொல்கிறேன். எதிரணியில் மால்ஃபைட், ராம்மஸ், மல்ஸஹார், டிரேவன், சொராகா. 25-ஆவது நிமிடம் என் கணக்கில் 118 மினியன் (கொன்றால் கோல்டு தருகிற சின்னப் படைவீரர்கள்), மொத்தம் 9,200 கோல்டு. யுன் டால், ஷூ, எட்ஜ் முடித்து ருனான்ஸுக்குச் சில்லறைச் சாமான் சேர்த்திருந்தேன். டிராகன் குழியில் சண்டை. ராம்மஸை அடித்து அடித்துக் கை ஓய்ந்ததுதான் மிச்சம், ரத்தம் இறங்கவே இல்லை. இறங்கின கொஞ்சத்தையும் சொராகா நிரப்பிவிட்டாள். அதற்குள் மல்ஸஹார் என்னைப் பிடித்து நிறுத்தினான், டிரேவன் இரண்டு கோடாலி வீசினான், அவ்வளவுதான். எங்கள் டாப் லேன்காரன் சாட்டில் எழுதியதை இங்கே எழுத முடியாது.

பில்ட் தப்பா, நான் தப்பா? இரண்டும் என்றால் எது முதலில்?

ரெண்டு_கோடாலி:

பில்டில் குறையே இல்லை தம்பி. 25 நிமிடத்தில் 118 மினியன், அதுதான் குறை. பிராக்டிஸ் டூலில் தினமும் பத்து நிமிடம் மினியன் மட்டும் அடி. ஐட்டம் தானாக வரும்.

கடைமடைக்காரன்:

கோடாலி சொல்வது சரிதான், ஆனால் அது ஆறு மாதத்துக்கான மருந்து. இன்றைக்கு ராத்திரியும் 118 மினியனோடு ஆடப்போகிற பையன் என்ன வாங்குவது? அதைத்தானே கேட்கிறான்.

நான் திருத்துறைப்பூண்டியில் பிரௌசிங் சென்டர் வைத்திருந்தவன். வார்கிராஃப்ட் 3-க்குள் டோட்டா ஆடின பையன்கள் என் கடையில் மணிக்கணக்காக உட்கார்ந்திருப்பார்கள், பக்கத்தில் நின்று பார்த்தே எனக்கும் ஒட்டிக்கொண்டது. இப்போது அதே கடையில் பட்டா, சிட்டா, பயிர்க் காப்பீட்டு விண்ணப்பம். ராத்திரி ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டுத்தான் ஆட்டம்.

தம்பி, உனக்குப் புரிகிற மாதிரி சொல்கிறேன். ஜூன் 12 மேட்டூர் திறக்கிறான் என்று பேப்பரில் வரும். கல்லணைக்குக் கீழே தலைமடைக்காரன் அதை நம்பி நாற்று விடலாம். எங்கள் வாய்க்காலுக்கு அந்தத் தண்ணீர் எப்போது வரும், வருமா என்பதே சந்தேகம். அதனால்தான் எங்கள் பக்கம் புழுதியில் நேரடியாக விதைக்கிறோம். தலைமடைக்காரன் நாள் பார்த்து நாற்று விடுவதைப் பார்த்து நாங்களும் விட்டால் நாற்றங்காலிலேயே கருகிவிடும். உன் யூட்யூப் பிளேயர் தலைமடைக்காரன். நிமிடத்துக்கு ஒன்பது, பத்து மினியன் அடிக்கிறவன். ஆறு ஐட்டமும் வரும் என்ற தைரியத்தில் அந்த வரிசையைப் போட்டிருக்கிறான். நீ நிமிடத்துக்கு ஐந்துகூட அடிக்கவில்லை. உனக்கு வரப்போவது ஷூவும் இரண்டரை ஐட்டமும்தான். அந்த இரண்டரை எது என்பதுதான் உன் பில்ட். மிச்சமெல்லாம் தாளில் இருக்கட்டும்.

நேற்றைய மேட்சையே எடுத்துக்கொள். ஆர்மர் (அடியைத் தடுக்கிற எண்) கணக்கு சுலபம். 100-ஐ, 100 கூட்டல் ஆர்மரால் வகுத்தால் உன் அடியில் எத்தனை பங்கு உள்ளே போகிறது என்று வரும். எதிரி மேல் கிளிக் செய்தால் இடது மேல் மூலையில் அவன் ஆர்மர் தெரியும், நீ ஒருநாளும் பார்த்திருக்க மாட்டாய். 25-ஆவது நிமிடத்தில் ராம்மஸிடம் 200 என்று வைத்துக்கொள்வோம். வெறி வந்து ஓட்டுக்குள் சுருண்டுகொண்டால் அதற்கும் மேலே போகும். நீ 300 அடித்தால் 100 தான் உள்ளே போகும். லார்ட் டொமினிக்ஸ் கையில் இருந்தால் இப்போதைய பேட்சில் (ஆட்டத்தின் அப்டேட்டில்) சுமார் 35 சதவீத ஆர்மரைக் கழித்துவிடும். 200 என்பது 130 ஆகும், உன் 300-இல் 130 உள்ளே போகும். முப்பது சதவீதம் கூடுதல். அதே பொருளை டிரேவன் மேல் பார். அவனிடம் 60 ஆர்மர் என்றால் 187 போன இடத்தில் 216 போகும். பதினைந்து சதவீதம்தான். பொருள் ஒன்றுதான், எதிரில் நிற்பவன் யார் என்பதைப் பொறுத்து மதிப்பு இரட்டிக்கிறது. இது அந்தத் தாளில் இருக்காது.

நேற்று உன் எதிரில் டேங்க் (அடி தாங்குகிறவர்கள்) இரண்டு பேர், பக்கத்தில் வைத்தியம் பார்க்கிற சொராகா. அப்படியென்றால் டொமினிக்ஸ் கூட இல்லை, மார்ட்டல் ரிமைண்டர். ஆர்மரையும் கொஞ்சம் கழிக்கும், அடி வாங்கினவனுக்கு வைத்தியத்தையும் 40 சதவீதம் குறைக்கும். டொமினிக்ஸ், ரிமைண்டர் இரண்டையும் சேர்த்து வாங்கக் கடை விடாது, ஒன்றுதான். முழுதாக வாங்கக் காசு இல்லையா, 800 கோல்டுக்கு எக்ஸிக்யூஷனர்ஸ் காலிங் வாங்கிப் பையில் போட்டுக்கொள். அந்த 40 சதவீதம் அதிலேயே இருக்கிறது. சொராகாவுக்கு எதிரில் அந்த 800 போல லாபமான காசு கிடையாது.

அப்புறம் மல்ஸஹார். அவன் பிடி இரண்டரை நொடி. அந்த இரண்டரை நொடியில் டிரேவனுக்கு என்ன செய்ய முடியும் என்று நீயே பார்த்துவிட்டாய். குவிக்சில்வர் ஸாஷ் 1,300 கோல்டு, பிடித்த அந்தக் கணமே பட்டனைத் தட்டினால் அவிழ்ந்துவிடும். ராம்மஸ் வம்புக்கு இழுப்பதையும் எடுக்கும். மால்ஃபைட் மோதித் தூக்கி எறிவதை மட்டும் எடுக்காது, அதற்கு விலகி நிற்பதுதான் வழி.

இப்போது உன் 9,200-ஐ மறுபடி செலவு செய்வோம். டோரன்ஸ் பிளேடு 450, ஷூ 1,100, யுன் டால் சுமார் 3,000. மீதி 4,600 சொச்சம். நீ எட்ஜுக்கு 3,400-க்கு மேல் கொட்டினாய், கையில் சில்லறைதான் நின்றது. எட்ஜைத் தள்ளிப் போட்டிருந்தால் அதே காசில் ரிமைண்டரும் ஸாஷும் கிட்டத்தட்ட முடிந்திருக்கும்.

சொல்ல மறந்தேன். இது ஜிங்க்ஸ் மாதிரி கிரிட் (அவ்வப்போது ஒரு அடி பலமாக விழுவது) ஆட்களுக்கு. வெய்னுக்கு மூன்றாவது அடியில் கணக்கு வேறு, ஜின் நான்கு தோட்டாவோடு தனி ஜாதி. அவர்களைப் பற்றி இங்கே இழுத்தால் விடிந்துவிடும்.

ரெண்டு_கோடாலி:

எட்ஜ் இல்லாத ஜிங்க்ஸ் நமுத்த பட்டாசு அண்ணே. ரிமைண்டரை வைத்துக்கொண்டு ராம்மஸைச் சுரண்டிக்கொண்டிருக்கலாம், அவ்வளவுதான். கூட விளையாடுகிற நான்கு பேர் என்ன செய்கிறார்கள்?

கும்பகோணம்_லூலூ:

பாட் லேனில் ஜிங்க்ஸ் மாதிரி ஆளுக்குத் துணை நிற்கிற சப்போர்ட் ஆடுகிறவள் நான், எங்களைக் கேட்காமலே பேசிக்கொண்டிருக்கிறீர்கள். பகலில் பாத்திரக்கடையில் கணக்கு எழுதுகிறேன், ராத்திரி லூலூ அல்லது மார்கனா.

தம்பி, உன் சப்போர்ட் யார் என்று எழுதவே இல்லை. ஸாஷ் வாங்குவதா வேண்டாமா என்பது பாதிக்கு மேல் அதைப் பொறுத்தது. மார்கனா இருந்தால் மல்ஸஹார் கிட்ட வரும்போதே கருப்புக் கவசத்தைப் போட்டுவிடுவாள், பிடி ஏறாது. அப்போது அந்த 1,300 வேறு எதற்காவது ஆகும். நிறைய பேர் சப்போர்ட் மிக்கேல்ஸ் வாங்கினால் போதும் என்று நினைக்கிறார்கள். மிக்கேல்ஸ் மற்ற கட்டுகளில் பெரும்பாலானதை எடுக்கும், மல்ஸஹாரின் அந்தப் பிடியை எடுக்காது. என் ஏ.டி.சி. (ஜிங்க்ஸ் மாதிரி தூரத்திலிருந்து அடிக்கிறவன்) ஒருவன் "மிக்கேல்ஸ் எங்கே, மிக்கேல்ஸ் எங்கே" என்று மேட்ச் முழுக்கத் தட்டிக்கொண்டே இருந்தான். நான் போட்டுத்தான் இருந்தேன்.

வைத்தியத்தைக் குறைக்கிற ஐட்டம் விஷயத்திலும் ஒன்று. அது கூட்டலாகாது. அணியில் இரண்டு பேர் வாங்கினாலும் அதே 40 தான். மிட் லேனில் பிராண்ட் மாதிரி ஆள் இருந்து அவன் மொரெல்லோ வாங்கியிருந்தால் நீ 800-ஐ வீணாக்க வேண்டாம், நேராக டொமினிக்ஸ் பக்கம் போ. டேப் பட்டனைத் தட்டி நம் ஆட்கள் பையையும் பார். எல்லாரும் எதிராளி பையைத்தான் பார்க்கிறார்கள்.

பாமணிக்கரை:

அக்கா, சப்போர்ட் பைக். என்னைத் தனியாக விட்டுவிட்டு மிட் லேனுக்கு வேட்டைக்குப் போய்விட்டான். அண்ணா, இன்னொன்று. பேக் அடித்துக் கடைக்குத் திரும்பும்போது காசு சரியாக இருப்பதே இல்லை. 1,300 சேர்த்து பி.எஃப். சோர்டு வாங்கலாம் என்று காத்திருப்பேன், 1,150-இல் செத்துவிடுவேன்.

கடைமடைக்காரன்:

கோடாலிக்கு முதலில். எதிரில் டேங்கே இல்லாமல் ஐந்து பேரும் பஞ்சு என்றால் நீ சொல்வதுதான் சரி, எட்ஜுக்கு நேராகப் போகலாம். நேற்று அப்படி இல்லை. ஜிங்க்ஸ் மாதிரி மார்க்ஸ்மேனால் தனக்குக் கிட்ட நிற்பவனைத்தான் அடிக்க முடியும், கிட்ட வந்து நின்றது ராம்மஸும் மால்ஃபைட்டும்.

தம்பி, 150 கோல்டுக்காக லேனில் தொங்காதே. அதுவும் எதிரில் டிரேவன் என்றால். டிரேவன் குறுவை, சீக்கிரம் அறுத்து வீட்டுக்குக் கொண்டுபோகிற ரகம். கோடாலியைப் பிடிக்கப் பிடிக்க அவனுக்குச் சேமிப்பு ஏறும், உன்னைக் கொன்றால் கொன்ற காசு 300-உம் வரும், சேர்த்து வைத்ததும் ரொக்கமாக விழும். நீ சம்பா. மெதுவாகத்தான் கதிர் பிடிப்பாய். 1,150 இருக்கிறதா, பிக்காக்ஸ் 875, மிச்சத்தில் ஒரு டாகர். இல்லையென்றால் ஷூவை முடி, ஒரு கண்ட்ரோல் வார்டு (மேப்பைக் கண்காணிக்க நட்டு வைப்பது) 75. செத்துத் திரும்பி வருவதற்குள் இரண்டு மூன்று மினியன் அலை டவரில் மோதிப் போய்விடும், அதையும் கணக்கில் சேர்.

யு.பி.எஸ். கத்த ஆரம்பித்துவிட்டது. மீதி நாளை.

பாமணிக்கரை:

மூன்று நாள் கழித்து எழுதுகிறேன். அந்தத் தாளைக் கிழித்துவிட்டேன்.

நேற்று மறுபடி மல்ஸஹார். இந்தத் தடவை டேங்க் ஒருவன்தான், சொராகா இல்லை. அதனால் யுன் டால், ஷூ, அடுத்தது ஸாஷ், பிறகு எட்ஜ் என்று போனேன். 22-ஆவது நிமிடம் பேக் அடித்துக் கடையைத் திறக்கிறேன், மும்முனைக் கரண்ட் வந்துவிட்டது என்று அப்பா கொல்லையிலிருந்து குரல் கொடுக்கிறார். ஹெட்போனைக் கழற்றிப் போட்டுவிட்டு ஓடி மோட்டாரைப் போட்டேன். வந்து பார்த்தால் ஜிங்க்ஸ் இன்னும் கடையில் நிற்கிறாள், சாட்டில் நான்கு கேள்விக்குறி. மோட்டார் ஓடினால் எங்கள் வீட்டில் வோல்டேஜ் இறங்கும், மானிட்டர் ஒரு தடவை கண் சிமிட்டியது.

அடுத்த சண்டையில் மல்ஸஹார் பிடித்தான். தட்டினேன். அவிழ்ந்தது! அவன் அங்கேயே நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான், நானும் ஒரு நொடி நம்பாமல் நின்றேன், பிறகு அடித்தேன். இரண்டு கொலை. அதற்கு அடுத்த சண்டையில் அதே பிடி, பதற்றத்தில் ஸாஷுக்குப் பதில் வார்டைத் தட்டிவிட்டேன், பிடி அவிழவில்லை, செத்தேன். மேட்ச் தோல்விதான். மினியன் மட்டும் 25 நிமிடத்தில் 141, கோடாலி அண்ணனுக்காகச் சொல்கிறேன்.

ஸாஷ் ஆறாவது இடத்தில் கிடக்கிறது, 7-ஆம் எண் பட்டன். நீங்களெல்லாம் எதில் வைக்கிறீர்கள்?

கும்பகோணம்_லூலூ:

7-க்கு விரல் எட்டுமா? கடையில் வாங்கினதும் இழுத்து முதல் இடத்தில் போடு, 1-ஆம் எண். 4 வார்டுக்கு, அதிலிருந்து எவ்வளவு தள்ளியிருக்கிறதோ அவ்வளவு நல்லது.

கடைமடைக்காரன்:

நான் 2-இல் வைக்கிறேன். என் கீபோர்டில் 1 போய் நாலு வருடம் ஆகிறது.