காவடிப் பூவுக்கு வீட்டிலேயே மஞ்சள் நிறம் ஏற்றலாமா? (மொரீஷியஸ் ஊர்ப்பெயர்களில் மூவர் பேசுகிறார்கள்)

போர்ட் லூயிஸ்:
தைப்பூசக் காவடிக்கு வெள்ளைத் துணிப்பூ நிறைய இருக்கிறது. சமையல் மஞ்சளோ கேசரிப் பொடியோ பிடிக்குமா?

ரோஸ்ஹில்:
முதலில் ஓர் இதழின் ஓரத்தைக் கொளுத்திப் பாருங்கள். காகித வாசனையோடு சாம்பலானால் பருத்தி. உருகி உருண்டையானால் பாலியெஸ்டர் அல்லது நைலான். கடைப்பூ பெரும்பாலும் பாலியெஸ்டர்தான். அதில் கேசரிப் பொடி ஊறாது, கழுவினால் போய்விடும். நைலானில் பிடிக்கும்: அரை லிட்டர் வெந்நீர், அரை டீஸ்பூன் பொடி, 2 மேசைக்கரண்டி வினிகர், கொதிக்கவிடாமல் 20 நிமிடம். இதழ்களைக் காம்பிலிருந்து கழற்றிவிட்டுப் போடுங்கள், சூட்டில் பசை இளகும்.

போர்ட் லூயிஸ்:
உருகிச் சுருண்டது அண்ணா. வினிகரில் போட்டும் நிறம் நிற்கவில்லை.

குயூர்பீப்:
அப்படியானால் பாலியெஸ்டர். அக்ரிலிக் பெயிண்ட் 1 பங்கு, தண்ணீர் 2 பங்கு கலந்து ஸ்பாஞ்சால் ஒற்றுங்கள். ஒரே தடவையில் அடர்த்தியாகப் பூசினால் இதழ் விறைத்து, மடிக்கும்போது வெடிக்கும். மெல்லிசாக இரண்டு தடவை போதும். தலைகீழாகத் தொங்கவிட்டால் இதழ் குழியில் பெயிண்ட் தேங்காது.
சமையல் மஞ்சள் பருத்தியில் பிடிக்கும். ஆனால் வெயிலில் வெளுக்கும், சோப்புத் தண்ணீர் பட்டால் சிவக்கும். ஊர்வலம் முழுக்க வெயில்தானே, நான் அதை நம்பமாட்டேன்.