மௌனக் குறும்படத்துக்கு ஜப்பானிய ஓவிய முறை தெரிந்தவர் தேவை

வணக்கம் நண்பர்களே. ஜப்பானிய ஓவியர் கவானபே கியோசாயின் சிறுவயதுப் பயிற்சியை வைத்து ஒரு மௌனக் குறும்படம் எடுக்கிறோம். 1831இல் பிறந்தவர். ஏழு வயதில் மரஅச்சு ஓவியர் குனியோஷியிடம் சேர்ந்தார். பிறகு கானோ என்ற பழைய ஓவிய மரபைச் சேர்ந்தவர்களிடம் மாறினார். ஒன்பது வயதில் ஆற்றில் மிதந்து வந்த மனிதத் தலையை எடுத்துவந்து வரைந்தார் என்றொரு கதை உண்டு. குழுவில் எல்லாரும் அந்தக் காட்சியைத்தான் கேட்கிறார்கள். எனக்கோ, குருவின் மாதிரிப் படங்களை வருடக்கணக்கில் நகலெடுக்கும் அலுப்புதான் படமே. வசனம் கிடையாது, ஆகவே கைவேலை அச்சு அசலாக இருக்கணும்.

நகலெடுக்கும்போது மாதிரியின் மேல் மெல்லிய தாளை வைத்து, அதைச் சுருட்டித் தூக்கித் தூக்கிக் கீழே உள்ள கோட்டைப் பார்த்து வரைவார்களாமே, நேரில் பார்த்தவர் இருக்கிறீர்களா? இடது கை எப்படி அசையும்? ஒரு சின்ன வீடியோ கிடைத்தால்கூடப் போதும். மைக்கட்டியைக் கல்லில் உரைக்கப் பையனுக்குச் சொல்லித்தரவும் ஆள் வேண்டும். வண்ணத்துக்கான கனிமப் பொடியை விலங்குப் பசையில் குழைக்கும் பதமும் தெரியணும். பசை கொதித்தால் பிடிப்பு போய்விடும் என்கிறார்கள்.

இன்னொன்று. ஜப்பானில் மௌனப் படம் ஓடும்போது திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி குரல் கொடுப்பார். திரையிடலில் தமிழில் அப்படிச் செய்ய ஆசை. மேடைக் குரல் உள்ளவர்கள் உள்பெட்டிக்கு வாங்க. சம்பளம் பெரிதாக இல்லை, சாப்பாடும் பயணச் செலவும் நிச்சயம்.