புகைக்கொட்டகைச் சுவர் சுடுது, வேற யாராவது பார்த்திருக்கீங்களா?

எல்லாருக்கும் வணக்கம். நாங்க மலேசியா, பேராக்ல சுங்கை சிப்புட் பக்கம் ஒரு பழைய தோட்டம். ரப்பர் பால் மரமெல்லாம் போய்ச் செம்பனை வந்தாச்சு. ரப்பர் ஷீட்டுக்குப் புகை போட்ட கொட்டகையில ஒரே ஒரு செங்கல் சுவர் மிச்சம், எங்க வீட்டுக் கொல்லையில நிக்குது.

அது விடியக்காலை நாலு மணிக்குச் சுடுது. பகல் வெயில்னு சொல்லிடாதீங்க. செங்கல் வெயிலை வாங்கி ராத்திரியில விடும், தெரியும். மூணு நாள் அடைமழைக்கு அப்புறமும் சுட்டுச்சே! முதல் நாள் வெதுவெதுன்னு, நாலாம் நாள் கை வைக்க முடியல, அஞ்சாம் நாள் ஜில்லுனு. பாட்டி உள்ளங்கையை வச்சுப் பார்த்துட்டு, "ஷீட்டு காஞ்சிருச்சு, இறக்கலாம்"னாங்க. அந்தக் காலத்துல ஷீட்டைக் காய வைக்க நாலு நாள் புகை போடுவாங்களாம், நாளுக்கு நாள் சூட்டைக் கூட்டி 60 பாகை செல்சியஸ் வரைக்கும்.

படிச்ச தம்பி ஒருத்தர் சொன்னார், சுட்ட மண்ணைத் திரும்பச் சூடாக்கினா மங்கலா ஒளி விடும், கடைசியா எப்போ தீயில வெந்துச்சுன்னு அதை வச்சுக் கணிப்பாங்களாம். ஆனா அது சூளைச் சூட்டுக்குத்தான், 60 பாகை பத்தாது. எங்க சுவர் ஒளியெல்லாம் விடல, கையைத்தான் சுடுது.

அடுத்த வாரம் இடிக்க ஆள் வர்றாங்க. ஈப்போ, கோலாகங்சார் பக்கம் லேசர் வெப்பமானி (தொடாமலே சூடு பார்க்கிற கருவி) வச்சிருக்கிற அண்ணன்மாருங்க ரெண்டு நாள் இரவல் கொடுங்க. வேற தோட்டத்துப் பழைய ஸ்டோர்ல இப்படிப் பார்த்திருந்தாலும் எழுதுங்க. ரம்புத்தான் காய்ச்சிருக்கு, வெறுங்கையோட அனுப்ப மாட்டேன்.