லிண்ட்பெர்க்கைப் பாரிஸ் சேர்த்த எஞ்சின் யாருடையது?

வரதன்: 1927 மே 20 காலை நியூயார்க்கில் கிளம்பி 33½ மணி நேரம், அட்லாண்டிக் கடலைத் தாண்டி, ஒற்றை எஞ்சினை நம்பித் தனியாகப் பாரிஸுக்குப் பறந்தார் அமெரிக்க விமானி லிண்ட்பெர்க். அந்த வேர்ல்விண்ட் ஜே-5 எஞ்சினை எல்லோரும் ரைட் ஏரோநாட்டிகல் கம்பெனியின் சாதனை என்றே எழுதுகிறார்கள். எனக்கு இது மனசு ஆறவில்லை. சார்லஸ் லாரன்ஸ் ஒரு சின்னக் கம்பெனி வைத்துக்கொண்டு உருவாக்கிய ஒன்பது சிலிண்டர் ஜே-1தான் அதற்கு மூலம். 1923-இல் ரைட் அந்தக் கம்பெனியை விலைக்கு வாங்கியது, அவ்வளவுதான்.

கபிலன்: "அவ்வளவுதான்" என்று சொல்லிவிட முடியாது வரதன் சார். ஜே-1 அமெரிக்கக் கடற்படைக்குப் பிடித்திருந்தது. காற்றாலேயே குளிரும் எஞ்சின் என்பதால் ரேடியேட்டர், குழாய், தண்ணீர் என்ற சுமையே இல்லை. ஆனால் கேட்ட அளவுக்குச் செய்து கொடுக்க லாரன்ஸிடம் ஆலை ஏது? நல்ல டிசைன் கையில் இருந்தும் அவர் தவித்துத்தான் போயிருப்பார்.

வரதன்: சரி, ஆலை ரைட்டிடம் இருந்தது. விருப்பம் இருந்ததா? தண்ணீரால் குளிரும் ஹிஸ்பானோ-சூயிசா எஞ்சின்களை விற்றுக்கொண்டு நிம்மதியாக இருந்தார்கள். இனி அவற்றை வாங்க மாட்டோம் என்று கடற்படை நெருக்கிய பிறகுதான் லாரன்ஸைத் தேடிப் போனார்கள். நம்பிக்கை இல்லாமல் கைப்பிடித்தவர்களுக்கு எப்படி முழுப் பெயரையும் கொடுப்பது?

கபிலன்: கைப்பிடித்த பிறகு என்ன நடந்தது என்று பாருங்கள். காற்றால் குளிரும் எஞ்சினில் உயிர்நாடியே சிலிண்டர் தலைதான். என் பைக்கில் ஒருமுறை எஞ்சினைக் குளிர்விக்கும் ஃபின் தகடுகளுக்கு நடுவே சேறு காய்ந்து அடைத்துக்கொண்டது. பத்து கிலோமீட்டரில் சூடேறி இழுக்கவே இல்லை. குச்சியால் சுரண்டி எடுத்த பிறகுதான் சரியானது. ஜே-5-இல் அந்தத் தலையை மாற்றி அமைத்தது சாம் ஹெரான் என்ற பொறியாளரின் வேலை. எரிந்த புகையை வெளியே விடும் எக்ஸாஸ்ட் வால்வின் தண்டை உள்ளே குடைந்து, சூட்டில் உருகும் பொருளைப் பாதி நிரப்பினார். வால்வு மேலும் கீழும் அடிக்கும்போது அது உள்ளே குலுங்கி, வால்வின் தலையில் ஏறும் வெப்பத்தைத் தண்டு வழியாக இறக்கிவிடும். வால்வு கருகியிருந்தால் பாரிஸ் ஏது?

மீனா: இடையில் ஒன்று. ரைட்டின் தலைவர் ரென்ட்ஷ்லர் 1924-இல் விலகி, அடுத்த வருடம் ஹார்ட்ஃபோர்டில் பிராட் அண்ட் விட்னி ஏர்கிராஃப்டைத் தொடங்கினார். மீட், வில்குஸ் என்று நல்ல பொறியாளர்களும் அவரிடம் போய்விட்டார்கள். அப்படிக் காலியான ரைட்டில் தலைவராக உட்கார்ந்தவர் லாரன்ஸ்தான். ஆகவே ஜே-5 வந்தபோது அந்தக் கம்பெனியும் அவரும் வேறு வேறு இல்லை.

வரதன்: இதைத்தான் நானும் சொல்ல வந்தேன். அமெரிக்க விமானத் துறையின் பெரிய விருதான காலியர் கோப்பையும் 1927-க்கு லாரன்ஸ் பெயருக்குத்தான் போனது.

கபிலன்: கோப்பை அவருக்குப் போனது நியாயம், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நீங்கள் அடுத்து எழுதும்போது ஹெரான் பெயரையும் அதே வரியில் போடுங்கள்.