விடுப்பு மறுத்தார்கள், எழுதித் தரவில்லை

வருவாய்த் துறை உதவியாளர், பெண்:

2019 மார்ச் கடைசி. அம்மா குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. அறுவைச் சிகிச்சைக்கு நாள் குறித்தாயிற்று. 12 நாள் ஈட்டிய விடுப்பு கேட்டு எழுதிக் கொடுத்தேன். கணக்கில் நூற்றுக்கு மேல் இருந்தது. அலுவலர் படித்துப் பார்த்துவிட்டு, "ஏப்ரல் 18 தேர்தல். இப்போது போய் விடுப்பா அம்மா?" என்றார். விண்ணப்பத்தை மேசைக் கண்ணாடிக்கு அடியில் செருகி வைத்தார்.

அதன்பிறகு கோப்பு கொண்டுபோகும் ஒவ்வொரு முறையும் முருகன் படத்துக்கும் நாட்காட்டிக்கும் நடுவே என் கையெழுத்து தெரியும். இசைவும் இல்லை, மறுப்பும் இல்லை. அதே வாரம் பக்கத்துப் பிரிவில் ஒருவர் வளைகாப்புக்காக மூன்று நாள் போய் வந்தார். அவர்மேல் எனக்குக் கோபமில்லை. அவருக்குக் கிடைத்ததும் எனக்குக் கிடைக்காததும் எந்த அளவுகோலால் என்றுதான் கேட்கத் தோன்றியது.

விண்ணப்பத்தின் நகலை ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு மருத்துவமனைக்குப் போய்விட்டேன். திரும்பி வந்ததும் குறிப்பாணை காத்திருந்தது: அனுமதியின்றிப் பணிக்கு வராதது ஏன்? "விடுப்பு மறுக்கப்பட்ட ஆணையின் நகலைத் தந்தால் விளக்கம் தருகிறேன்" என்று ஒரே வரியில் பதில் எழுதினேன். இல்லாத ஆணைக்கு நகல் எங்கிருந்து வரும்? இரண்டு மாதம் கழித்துக் கேட்டபடியே விடுப்பு அனுமதித்தார்கள். நான் செய்ததை யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன். அந்த இரண்டு மாதமும் எனக்குத் தூக்கமில்லை.

ஓய்வு பெற்ற கண்காணிப்பாளர்:

மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவன் நான். அரசு ஊழியர்களுக்கான அடிப்படை விதி 67 விடுப்பை உரிமையாகக் கோர முடியாது என்கிறது. பணியின் தேவை கருதி மறுக்கலாம் என்றும் சொல்கிறது. அதை வைத்துக்கொண்டு "நிர்வாக நலன் கருதி மறுக்கலாம்" என்று எத்தனை குறிப்பு வைத்திருப்பேனோ, கணக்கில்லை. கை தானாக எழுதும்.

ஒரு முறை புதிதாக வந்த அலுவலர் கோப்பைத் திருப்பி அனுப்பினார். ஓரத்தில் பச்சை மையில்: "எந்தப் பணி? இவர் இல்லாவிட்டால் எது நிற்கும்?" உட்கார்ந்து யோசித்தேன். பட்டா மாறுதல் மனுக்கள் நான்கு நாள் தள்ளிப்போகும், அவ்வளவுதான். அதையே எழுதினேன். விடுப்பு கிடைத்தது.

காரணத்தை அன்றே எழுதியாக வேண்டும் என்பதற்கு வலுவான அடிப்படை உண்டு. ஆணையில் இல்லாத காரணத்தைப் பின்னால் பிரமாணப் பத்திரத்தில் ஒட்டவைக்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லி நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது. சகோதரியின் அலுவலர் எதையும் எழுதாமல் விட்டதற்குக் காரணம் மறதி என்று நான் நம்பவில்லை. எழுதினால் பதில் சொல்ல வேண்டிவரும்.

அரசுப் பள்ளி ஆசிரியை:

எழுதித் தந்தாலும் நியாயமாகிவிடாது. தருமபுரி மாவட்ட ஆசிரியை ஒருவருக்கு 2021இல் மகப்பேறு விடுப்பை எழுத்து மூலமே மறுத்தார்கள். முதல் திருமணத்தில் இரண்டு குழந்தைகள், இது மூன்றாவது என்பது காரணம். அந்த இருவரும் அவர் பணியில் சேர்வதற்கு முன்பே பிறந்தவர்கள். மறுமணத்தில் இதுதான் முதல் குழந்தை. உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதி கொடுத்ததை இரு நீதிபதிகள் அமர்வு பறித்தது. 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம்தான் திருப்பிக் கொடுத்தது. அதற்குள் அந்தக் குழந்தை பள்ளிக்கூட வாசலுக்கே வந்திருக்கும்.

வருவாய்த் துறை உதவியாளர்:

ஐயா, அந்தப் பச்சை மை அலுவலர் எங்கள் பக்கம் மாறுதலாகி வரவே இல்லை. என் விண்ணப்பம் கடைசியில் கண்ணாடிக்கு அடியிலிருந்து வெளியே வந்தபோது அதன்மேல் தேநீர்க் குவளையின் வட்டம் ஒன்று பதிந்திருந்தது. அனுமதி முத்திரையை அந்த வட்டத்துக்குள்ளேயே குத்தியிருந்தார்கள்.