ஆங்மாரின் சூனிய மன்னன் யார்? நூமெனோர்ப் பிரபுவா, வேறொருவனா?

வடதிசைவாசி:

‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ நாவலில், தீய சக்தியான சௌரானுக்கு அடிமைப்பட்ட நாஸ்கூல்கள் என்ற ஒன்பது மோதிரப் பேய்களின் தலைவனாக வரும் சூனிய மன்னன், மோதிரப் பேயாக மாறுவதற்கு முன் யாராக இருந்தான்? நாவலுக்குள் டோல்கீன் எங்கும் சொல்லவில்லை. நூமெனோர் தீவிலிருந்து வந்த பிரபுக்களில் ஒருவன் என்பது என் உறுதியான கருத்து.

முதல் ஆதாரம் அதே உலகின் பழங்கதைகளைச் சொல்லும் டோல்கீனின் ‘சில்மரில்லியன்’. நூமெனோரின் வீழ்ச்சியைச் சொல்லும் ‘அகல்லபேத்’ பகுதியில், மனிதர்களுக்கு ஒன்பது மந்திர மோதிரங்களைக் கொடுத்து சௌரான் வளைத்துப்போட்டவர்களில் மூன்று பேர் நூமெனோர் வம்சத்துப் பெரும் பிரபுக்கள் என்று வருகிறது. ஆண்டுக் கணக்கும் பொருந்துகிறது. இரண்டாம் யுகம் 1697இல் மோதிரங்களைச் செய்த எல்ஃப்களின் நாடான எரேகியோன் அழிகிறது, அவை சௌரான் கைக்குப் போகின்றன. 1800 வாக்கில் நூமெனோர்க்காரர்கள் கதை நடக்கும் பெருநிலமான மிடில் எர்த்தின் கரையோரங்களில் ஆட்சி அமைக்கத் தொடங்குகிறார்கள். 2251 வாக்கில் நாஸ்கூல்கள் முதன்முதலாகத் தென்படுகிறார்கள். இதே காலத்தில்தான் நூமெனோரில் மரண பயம் தலைதூக்கி மக்கள் இரண்டாகப் பிரிகிறார்கள். சாகாமல் இருக்கலாம் என்று ஆசை காட்டினால் வேறு யாரையும்விட அவர்கள்தான் சீக்கிரம் விழுந்திருப்பார்கள்.

இரண்டாவது, அவன் செய்த காரியம். மூன்றாம் யுகம் 1300 வாக்கில் வடக்கே ஆங்மார் நாட்டை நிறுவியதிலிருந்து 1974இல் வடக்குத் தலைநகரான ஃபோர்னோஸ்ட்டைப் பிடிக்கும்வரை, ஏறக்குறைய ஏழு நூற்றாண்டு, அவனுக்கு ஒரே வேலை. சௌரானுக்குப் பணியாத நூமெனோரின் விசுவாசிகள் வழிவந்த டூனடைன் மக்களை வேரோடு அழிப்பது. இது பங்காளிப் பகை. அந்நியனுக்கு இவ்வளவு வைராக்கியம் வராது.

கமூல் பக்கம்:

நீங்கள் சொல்லும் பங்காளிப் பகை புத்தகத்தில் இல்லை, நீங்கள் சேர்த்தது. அவன் ஏன் வடக்கே போனான் என்பதற்கு நாவலின் பின்னிணைப்பே நேரடியாகக் காரணம் சொல்கிறது. டூனடைன் மக்களின் வடக்கு அரசான அர்னோர் மூன்றாம் யுகம் 861இல் மூன்று நாடுகளாக உடைந்து பலவீனமாகக் கிடந்தது, அவர்களின் தெற்கு அரசான கோண்டோர் அப்போது பலமாக இருந்தது. ஒற்றுமை இல்லாத இடத்தில் அடிக்கலாம் என்று வந்தான். இது சௌரானின் போர்த் திட்டம். யார் தளபதியாக இருந்தாலும் இதைத்தான் செய்திருப்பான்.

மூன்று பேர் நூமெனோர்க்காரர்கள் என்றால் ஆறு பேர் இல்லை. தலைவன் அந்த மூவரில் ஒருவனாகத்தான் இருக்க வேண்டும் என்று எந்த வரி சொல்கிறது? ஒன்பது பேரில் டோல்கீன் பெயர் சொன்னது ஒரே ஒருவனுக்கு. 1980இல் வந்த ‘அன்ஃபினிஷ்ட் டேல்ஸ்’ தொகுப்பில் வரும் கமூல். அவன் கிழக்கத்தியன். தலைவனுக்கு அடுத்த இடம் அவனுடையது. மூன்று நூமெனோர்ப் பிரபுக்கள் இருந்தும் இரண்டாம் இடம் ஒரு கிழக்கத்தியனுக்குப் போயிருக்கிறது. சௌரான் பரம்பரை பார்த்துப் பதவி கொடுக்கவில்லை என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்?

நிலா:

குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். அவன் பெயர் எர்-முராசோர், நூமெனோர் மன்னன் தார்-கிர்யாதானின் இரண்டாவது மகன் என்று ஓரிடத்தில் படித்தேன். அப்படியானால் பெயர் தெரியும்தானே? அப்புறம், 2012இல் வந்த ‘தி ஹாபிட்’ படத்தில் அவனை வடக்கத்திய மக்கள் கல்லறைக்குள் அடைத்துப் பூட்டியதாகச் சொல்கிறார்கள். அது கதையில் எங்கே வருகிறது?

பழைய ஏடு:

இரண்டுமே டோல்கீன் எழுதியவை இல்லை, நிலா. எர்-முராசோர் என்ற பெயர் எண்பதுகளில் மிடில் எர்த்தை வைத்து ஒரு நிறுவனம் வெளியிட்ட ரோல்-பிளேயிங் விளையாட்டிலிருந்து வந்தது. அந்தப் புத்தகங்களில் ஒன்பது பேருக்கும் பெயரும் ஊரும் வாழ்க்கை வரலாறும் இருக்கும். படிக்கச் சுவையானவைதான். ஆனால் இணையத்தில் பல பக்கங்கள் அவற்றையும் டோல்கீனின் எழுத்தையும் கலந்துகட்டி வைத்திருக்கின்றன.

கல்லறைக் கதையும் அப்படியே. புத்தகத்தில் மூன்றாம் யுகம் 1975இல் ஃபோர்னோஸ்ட் சண்டையில் தோற்றதும் வடக்கைவிட்டே ஓடிவிடுகிறான். 1980இல் சௌரானின் நாடான மோர்டோருக்குள் நுழைந்து மற்ற நாஸ்கூல்களைத் திரட்டுகிறான். 2002இல் ‘மினாஸ் இதில்’ என்ற கோண்டோரின் கோட்டை நகரம் அவர்கள் கைக்குப் போகிறது. புதைப்பதற்கு யாரிடமும் எதுவும் சிக்கவில்லை.

2017இல் வந்த ஒரு வீடியோ கேம், சௌரானின் கையிலிருந்து மோதிரத்தை வெட்டியெடுத்த இசில்டூரையே நாஸ்கூலாக்கியது. அவன் பிறந்ததே இரண்டாம் யுகம் 3209இல். நாஸ்கூல்கள் அதற்குச் சுமார் ஆயிரம் ஆண்டு முன்பே வந்துவிட்டார்கள். இந்த விவாதத்தில் இவற்றை எல்லாம் ஒதுக்கிவிடலாம்.

இனி எனக்குத் தெரிந்த இரண்டு ஆவணங்கள். 1990இல் கிறிஸ்டோபர் டோல்கீன் தொகுத்து வெளியிட்ட ‘தி வார் ஆஃப் த ரிங்’ நூலில், கோண்டோரின் தலைநகரான மினாஸ் திரித்தின் முற்றுகைக்கான ஆரம்ப வரைவுகள் இருக்கின்றன. அங்கே இவன் பெயர் வேறு, ‘விசார்ட் கிங்’. கேண்டால்ஃப் சேர்ந்த அதே மந்திரவாதிகள் கூட்டத்திலிருந்து வழிதவறிப் போனவன் என்ற யோசனை ஓடியிருக்கிறது. டோல்கீன் அதைப் பிறகு கைவிட்டார். அடுத்தது, ஹாமண்டும் ஸ்கல்லும் எழுதி 2005இல் வந்த வாசகர் துணைநூலில் வெளியான டோல்கீனின் கையெழுத்துக் குறிப்பு. சூனிய மன்னனின் பெயர் பதிவாகவில்லை, ஆனால் சௌரானின் கோட்டையான பராத்-தூரின் துணைத்தளபதியைப் போல அவனும் அநேகமாக நூமெனோர் வழிவந்தவன் என்கிறது அது.

வடதிசைவாசி:

இதைத்தான் அடுத்து எழுத இருந்தேன். ஆசிரியரே சொல்லிவிட்டார். இதற்குமேல் என்ன ஆதாரம் கேட்பீர்கள்?

கமூல் பக்கம்:

‘அநேகமாக’ என்று சொல்லியிருக்கிறார். தன் கற்பனையில் பிறந்த ஒரு பாத்திரத்தைப் பற்றி ஓர் எழுத்தாளர் ஏன் இப்படி எழுதுகிறார்? டோல்கீன் தன்னைக் கதாசிரியராக வைத்துக்கொள்வதில்லை. பழைய சுவடிகளைப் படித்துத் தொகுக்கும் ஆளாக வைத்துக்கொள்கிறார். அந்தச் சுவடிகளில் இல்லாததை அவரும் ஊகிக்கிறார், நாமும் ஊகிக்கிறோம். அவருடைய ஊகத்துக்கு மரியாதை உண்டு. ஆனால் அது நாவலின் உண்மையாகிவிடாது. நாவலில் சேர்க்க அவருக்கு நேரமும் வாய்ப்பும் இருந்தது. 1966இல் திருத்திய பதிப்பு வந்தபோது எத்தனையோ மாற்றினார். இதைத் தொடவில்லை.

அவனுடைய பலமே அவன் நூமெனோர்க்காரன் என்பதற்கு அடையாளம் என்று வழக்கமாகச் சொல்வார்கள். நீங்களும் அங்கே வருவீர்கள் என்பதால் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். 1958இல் ஒரு திரைக்கதை வரைவைக் கண்டித்து டோல்கீன் எழுதிய நீண்ட கடிதம் இருக்கிறது. கடைசிப் பாகத்தில் சௌரான் இவனைத் தளபதியாக்கும்போது கூடுதலாக ஒரு பேய்ச் சக்தி கொடுக்கப்படுகிறது என்று அதில் விளக்குகிறார். மினாஸ் திரித்துக்கு வெளியே பெலன்னோர் களத்தில் நாம் பார்க்கிற அந்தப் பயங்கரம் சௌரான் ஊற்றிக் கொடுத்தது. அதை வைத்துப் பூர்வீகத்தைக் கண்டுபிடிக்க முடியாது.

வடதிசைவாசி:

அதே கடிதத்தில் அதற்கு முந்தைய வாக்கியத்தையும் படியுங்கள். மற்ற எட்டுப் பேரைவிடவும் எல்லா வகையிலும் அவன் பலசாலி என்றுதான் ஆரம்பிக்கிறார். கூடுதல் சக்தி பிறகு வந்தது. அதற்கு முன்பே அவன் தனி ஆள். ‘அன்ஃபினிஷ்ட் டேல்ஸ்’ இதை இன்னும் தெளிவாகக் காட்டுகிறது. மற்ற நாஸ்கூல்கள் பகல் வெளிச்சத்தில் தனியாகப் போனால் வழி தடுமாறுவார்கள், தண்ணீரைக் கண்டால் அஞ்சுவார்கள். இவனுக்கு இரண்டும் இல்லை. உங்கள் கமூலுக்குத்தான் பகலில் தடுமாற்றம் எல்லோரையும்விட அதிகம். ஒன்பது பேருக்கும் மோதிரம்தான் கொடுக்கப்பட்டது. வாங்கியவன் எப்படிப்பட்டவன் என்பதைப் பொறுத்துத்தான் விளைவு மாறியிருக்கிறது.

அவன் சூனியத்தையும் பாருங்கள். 1954இல் எழுதிய ஒரு கடித வரைவில் டோல்கீன் மந்திர சக்தி பிறவியில் வருவது, படித்து வருவதில்லை, மனிதர்களுக்கு அது கிடையாது என்கிறார். எழுதிவிட்டுப் பக்க ஓரத்தில் அவரே ஒரு கேள்வி போடுகிறார்: வாள் வார்க்கும்போது நூமெனோர்க்காரர்கள் மந்திரம் பயன்படுத்தினார்களே? மனித இனத்தில் மந்திரம் என்றதும் அவர் மனதில் வந்து நின்றவர்கள் நூமெனோர்க்காரர்கள். நாவல் முழுக்கச் சூனியக்காரன் என்று அழைக்கப்படுகிற ஒரு மனிதனை நான் வேறு எங்கே போய்த் தேடுவது?

மலைநாட்டான்:

அர்னோர் உடைந்த மூன்றில் ஒன்றான ரூதாவர் பக்கத்து மலைவாசிகள் ஆங்மாரோடு முதலிலிருந்தே கூட்டாக இருந்தார்கள். அவர்கள் அவனை உடனே தலைவனாக ஏற்றுக்கொண்டதைப் பார்த்தால், அவன் அந்த மண்ணிலேயே பிறந்தவனாக ஏன் இருக்கக்கூடாது? டூனடைன் வந்து தங்கள் நிலத்தைப் பிடுங்கியவர்கள் என்ற கோபம் அவர்களுக்கு இருந்திருக்கும்.

பழைய ஏடு:

பின்னிணைப்பில் அவன் வடக்கே ‘வந்தான்’ என்றுதான் இருக்கிறது. அதோடு அவன் மோதிரம் வாங்கியது இரண்டாம் யுகத்தில், அர்னோர் என்ற நாடே உருவாகாத காலம். இது நிற்காது.

கமூல் பக்கம்:

மந்திர விஷயத்துக்கு வருகிறேன். ‘சில்மரில்லியன்’ தெளிவாகச் சொல்கிறது. ஒன்பது மோதிரங்களைப் பயன்படுத்தியவர்கள் அரசர்களாகவும் சூனியக்காரர்களாகவும் போர்வீரர்களாகவும் ஆனார்கள். ஆனார்கள் என்பதைக் கவனியுங்கள். சூனியம் மோதிரத்தின் பலன். அப்படியிருக்க, அதற்குப் பின்னால் ஒரு நூமெனோர்ப் பள்ளிக்கூடம் இருந்ததாகக் கற்பனை செய்ய வேண்டிய அவசியம் எங்கிருந்து வந்தது?

பூர்வீகம் தெரியாமல் இருப்பதுதான் இந்தப் பாத்திரத்தின் உயிர் என்பது என் நிலைப்பாடு. மோதிரம் ஒரு மனிதனிடமிருந்து ஒவ்வொன்றாக உரித்தெடுக்கிறது. உடல் போகிறது, மனம் போகிறது, பெயரும் போகிறது. இவன் இன்ன வீட்டுப் பிள்ளை என்று சொல்லிவிட்டால், மோதிரம் அவனை முழுதாக விழுங்கவில்லை என்று ஆகிவிடும். கடைசியில் அவனைக் கொல்லும் வீராங்கனை எயோவின் முன்னால் வந்து நிற்கும்போது கிரீடம் இருக்கிறது, அதைத் தாங்கும் தலை கண்ணுக்குத் தெரியவில்லை. டோல்கீன் அப்படி எழுதியதற்குக் காரணம் இருக்கிறது.

பழைய ஏடு:

பெயர் போனால் பூர்வீகமும் போகும் என்பதை நான் ஏற்கமாட்டேன். அந்தக் குறிப்பில் வரும் பராத்-தூரின் துணைத்தளபதி யார்? மோர்டோரின் கறுப்பு வாயிலில் வந்து பேசும், ‘சௌரானின் வாய்’ என்ற தூதன். அவன் பெயர் எந்தக் கதையிலும் இல்லை, அவனே அதை மறந்துவிட்டான் என்று நாவல் சொல்கிறது. ஆனால் அதே பத்தியில் அவன் சௌரான் பக்கம் சாய்ந்த கறுப்பு நூமெனோர்க்காரர்கள் வழிவந்தவன் என்றும் சொல்லிவிடுகிறது. பெயரை அழித்துப் பூர்வீகத்தை விட்டுவைப்பது டோல்கீனுக்கு வழக்கமானதுதான்.

நிலா:

எனக்கு ஒரு சந்தேகம். அவன் யாராக இருந்தால் என்ன? கதை மாறுமா?

வடதிசைவாசி:

ரொம்பவே மாறும், நிலா. எயோவினோடு இருந்த ஹாபிட் மெர்ரி அவன் முழங்காலுக்குப் பின்னால் குத்துகிற கத்தி எங்கிருந்து வந்தது என்று நினைத்துப் பாருங்கள். கல்லறை மேட்டிலிருந்து டாம் பாம்படில் எடுத்துக் கொடுத்தது. வடக்கத்திய டூனடைன் கொல்லன் ஒருவன், ஆங்மாரோடு சண்டை நடந்த காலத்தில், இவனை மனதில் வைத்தே மந்திரம் ஓதி வார்த்தது. மெர்ரியைவிடப் பலமான கைகள் வேறு ஆயுதத்தைப் பிடித்திருந்தாலும் இப்படி ஒரு காயம் உண்டாக்கியிருக்க முடியாது என்று நாவல் சொல்கிறது. அவனுடைய மாய உடலை அவன் சித்தத்தோடு கட்டிவைத்திருந்த மந்திரத்தை அந்தக் கத்திதான் அறுத்தது. கொல்லன் செத்து, அவன் நாடும் அழிந்து, ஆயிரம் ஆண்டுக்குமேல் கழித்து அவன் வேலை பலித்தது.

அவன் நூமெனோர்ப் பிரபு என்றால், நூமெனோரிலிருந்து பிரிந்த இரண்டு கிளைகளின் வழக்கு 3019 மார்ச் 15 அன்று அங்கேதான் தீர்கிறது. சாவுக்குப் பயந்து சௌரானிடம் போனவன் ஒருபக்கம். சாவை ஏற்றுக்கொண்டு மண்ணுக்குள் போனவர்கள் விட்டுச்சென்ற கத்தி மறுபக்கம். வெறும் பெயரில்லாத பேய் என்றால் இந்த அர்த்தம் முழுவதும் கைநழுவிவிடும்.

ஏயார்னூர் விஷயத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஃபோர்னோஸ்ட்டில் ஏயார்னூரின் குதிரை மிரண்டு ஓடியதை வைத்து, 2043இல் ஏயார்னூர் கோண்டோரின் அரசனானதும் சூனிய மன்னன் அவனை ஏளனம் செய்து தனிச் சண்டைக்கு அழைக்கிறான். 2050இல் மறுபடி அழைக்கிறான். அரசன் போகிறான், திரும்பவில்லை. இதில் ஒரு சொந்த வன்மம் இருக்கிறது. அந்த அரியணையில் உட்கார்ந்திருப்பவனை அவனால் பொறுக்க முடியவில்லை.

கமூல் பக்கம்:

ஏயார்னூர் போனபிறகு கோண்டோர் 969 ஆண்டு அரசன் இல்லாமல் கிடந்தது. ஒரு படைகூட அனுப்பாமல், இரண்டு அழைப்பில் ஒரு ராஜவம்சத்தை முடித்திருக்கிறான். அதை வன்மம் என்று படிக்கிறீர்கள். நான் கணக்கு என்று படிக்கிறேன். சௌரானுக்கு எது லாபமோ அதைத்தான் அவன் கடைசிவரை செய்தான்.

கத்தியைப் பற்றி நீங்கள் எழுதியது நன்றாக இருந்தது, அதில் ஒரு சொல்லையும் மறுக்கமாட்டேன். ஆனால் அந்தக் கொல்லனுக்கு எதிரி யார் என்று தெரிந்தது எவ்வளவு? ஆங்மாரின் அரசன், சூனியக்காரன். மோதிரப் பேய்களின் தலைவன்தான் அவன் என்பது பிறகுதான் தெரியவந்தது என்று பின்னிணைப்பு சொல்கிறது. அவன் எந்த நாட்டில் பிறந்தான் என்ற யோசனையே கொல்லனுக்கு வந்திருக்காது. தன் நாட்டைத் தின்றவனுக்கு எதிராகச் செய்த கத்தி அது. பூர்வீகம் தெரியாமலே அது வேலை செய்தது. அந்தக் காட்சிக்கு நூமெனோர் வழக்கு தேவைப்படவில்லை.

வடதிசைவாசி:

கொல்லனுக்குத் தெரியாமல் இருக்கலாம், வாசகனுக்குத் தெரியலாம். மூன்று பிரபுக்கள் என்று ‘அகல்லபேத்’ சொல்கிறது, அநேகமாக நூமெனோர்க்காரன் என்று ஆசிரியரின் குறிப்பு சொல்கிறது. எதிர்த்திசையில் உங்களிடம் ஒரு வரி இருக்கிறதா? அவன் கிழக்கத்தியன் என்றோ தெற்கத்தியன் என்றோ டோல்கீன் எங்காவது எழுதியிருக்கிறாரா? அப்படி ஒரு குறிப்பைக் காட்டுங்கள், பேசலாம்.

கமூல் பக்கம்:

அவன் கிழக்கத்தியன் என்று நான் வாதாடவே இல்லையே. என் பக்கத்துக்கும் அதே 2005 குறிப்புதான் ஆதாரம். பெயர் பதிவாகவில்லை என்று அது தொடங்குகிறது. நீங்கள் இரண்டாம் பாதியை மட்டும் எடுத்துக்கொண்டு, ‘அநேகமாக’வையும் வழியில் விட்டுவிட்டீர்கள். முழு வரியையும் சேர்த்துப் படித்துவிட்டுச் சொல்லுங்கள், சந்தேகமே இல்லாத முடிவு என்று அதற்கு யார் பெயர் வைத்தது?